பாடியவருக்கு மட்டும் தெளிவாகக் கேட்கும் குரல்: வெளியான ஆல்பத்தை மறுபடி மிக்ஸ் செய்வது முறையா?

ஆறாம்தந்தி (கேள்வி)

வணக்கம். என்னுடைய முதல் ஆல்பத்தை எந்த நிறுவனத்தின் துணையும் இன்றி ஏழு மாதங்களுக்கு முன் நானே வெளியிட்டேன். ஒன்பது பாடல்கள்; மொத்தம் 38 நிமிடங்கள். டிரம்ஸை மட்டும் ஒரு ஸ்டுடியோவை இரண்டு நாள் வாடகைக்கு எடுத்துப் பதிவு செய்தோம். கிட்டாரும் பேஸும் கீபோர்டும் குரலும் என் அறையிலேயே, கதவின்மேல் கம்பளியைத் தொங்கவிட்டு, பெரும்பாலும் இரவு 11 மணிக்கு மேல் பதிவானவை. தனித்தனியாகப் பதிவானவற்றைச் சமன் செய்து ஒன்றாகக் கலக்கும் மிக்ஸிங்கையும் நானே செய்தேன். அதற்கு மட்டும் 14 மாதங்கள் பிடித்தன. கலந்து முடிந்த கோப்புக்குக் கடைசி மெருகேற்றும் மாஸ்டரிங்கை அனுபவமுள்ள ஒருவரிடம் ஒப்படைத்தேன். கோப்புகள் கிடைத்ததும் அவர் எழுதிய மின்னஞ்சலில் இருந்தது ஒரே ஒரு கேள்விதான்: குரல் இந்த இடத்தில்தான் இருக்க வேண்டுமா? நான் "ஆம்" என்று ஒரு சொல்லில் பதில் அனுப்பிவிட்டு அதை மறந்தும் போனேன்.

ஆல்பத்துக்குப் பெரிய வரவேற்பு இல்லை என்பதில் எனக்கு வியப்பில்லை. பெயர் தெரியாத ஒருவருடைய முதல் ஆல்பத்துக்காக யாரும் காத்திருப்பதில்லை. என்னை உறுத்துவது வேறொன்று. இணைய இதழ் ஒன்றில் ஒரே ஒரு விமர்சனம் வந்தது. பாராட்டித்தான் எழுதியிருந்தார்கள். ஆனால் நான்காவது பாடலைப் பற்றிய பத்தி முழுவதும் "வலி தெரியாமல் வந்தவன்" என்ற வரியை மையமாக வைத்து, மரத்துப்போன ஒரு மனிதனின் மனநிலையை நான் பாடியிருப்பதாக விரிகிறது. நான் எழுதியதும் பாடியதும் "வழி தெரியாமல் வந்தவன்". திசை தெரியாத இடத்தில் வந்து இறங்கிய ஒருவனின் பாட்டு அது. எனக்கு ழகரம் வராது என்று இதுவரை யாரும் சொன்னதில்லை. பாடலை எத்தனை முறை போட்டுக் கேட்டாலும் எனக்கு "வழி" என்றே துல்லியமாகக் கேட்கிறது. என் தங்கையைக் கேட்டால், "நீ சொன்ன பிறகு கேட்கிறது" என்கிறாள். அந்தப் பதில்தான் என்னைத் தூங்கவிடவில்லை.

குரல் உண்மையிலேயே அமிழ்ந்து கிடக்கிறதா, அப்படியானால் மாஸ்டரிங்கை மட்டும் மறுபடி செய்து அதைச் சரிப்படுத்த முடியுமா என்பது என் முதல் ஐயம். முடியாதென்றால், வெளியாகி ஏழு மாதங்கள் ஆன ஓர் ஆல்பத்தைத் திறந்து மறுபடி மிக்ஸ் செய்வது சரியான செயலா என்பது அடுத்தது. ஆல்பம் பரவலாகப் போய்ச் சேராததற்கு இதுவே காரணம் என்று நான் நினைப்பது சரியா, அல்லது நானே எனக்குச் சொல்லிக்கொள்ளும் சமாதானமா என்றும் அறிய விரும்புகிறேன்.


கலவைமேசை

நான் பிறருடைய பாடல்களை மிக்ஸ் செய்து பிழைப்பவன். உங்கள் தங்கை சொன்ன வாக்கியத்தை என் வேலையறைச் சுவரில் எழுதி ஒட்டிவிடலாம் என்று தோன்றுகிறது, ஏனென்றால் தானே எழுதித் தானே பாடித் தானே மிக்ஸ் செய்பவர்கள் அனைவரும் மாட்டிக்கொள்ளும் இடம் அதுதான். பாடல் வரி உங்களுக்கு மனப்பாடம். ஒலிபெருக்கியிலிருந்து பாதிச் சொல் வந்தாலும் மீதியை உங்கள் நினைவு நிரப்பிவிடுகிறது. நிரப்பியது காதா நினைவா என்று உங்களால் பிரித்தறிய முடியாது. மாதக்கணக்கில் அதே பாடலோடு இருந்தவருக்குக் குரலை எவ்வளவு தாழ்த்தினாலும் சொல் கேட்டுக்கொண்டேதான் இருக்கும். ஆகவே உங்கள் காதை இந்த விஷயத்தில் சாட்சியாக ஏற்க முடியாது.

சோதனை எளிது. இந்தப் பாடலை ஒருமுறைகூடக் கேட்டிராத இருவரை அழையுங்கள். கைப்பேசியின் ஒலிபெருக்கியிலேயே, நடுத்தர அளவில், ஒரே ஒருமுறை பாடலைப் போட்டு, காதில் விழும் வரிகளைத் தாளில் எழுதச் சொல்லுங்கள். இடையில் நிறுத்தாதீர்கள், முகத்தைப் பார்த்துக் குறிப்புக் காட்டாதீர்கள். அவர்கள் எழுதிய தாளே உங்கள் மிக்ஸின் உண்மையான விமர்சனம்.

"வழி" எப்படி "வலி" ஆயிற்று என்பதற்கு வருகிறேன், ஏனென்றால் அதில்தான் தீர்வும் இருக்கிறது. ல, ள, ழ மூன்றும் அடிப்படைச் சுருதியில் வேறுபடுவதில்லை. நாக்கு வாய்க்குள் எடுக்கும் வடிவத்தால் மேலே எழும் ஒத்ததிர்வுகளில்தான் வேறுபடுகின்றன. அந்த வேறுபாட்டின் பெரும்பகுதி ஏறத்தாழ 1,500 முதல் 3,000 ஹெர்ட்ஸ் வரையிலான பட்டைக்குள் அடங்கிவிடுகிறது. டிஸ்டார்ஷன் போட்ட எலெக்ட்ரிக் கிட்டாரும், பிக் கொண்டு அடித்த அக்கூஸ்டிக் கிட்டாரும், பிரகாசமாக வைத்த ஆர்கனும் வந்து உட்காரும் இடமும் அதுவே. ஒரே பட்டையில் வலுவான ஒலி ஒன்று இருந்தால் மெலிந்த ஒலி காதுக்கு எட்டாது; இதை மாஸ்கிங் என்பார்கள். உயிரொலிகளுக்கு வலு அதிகம் என்பதால் அவை தப்பிவிடும். "வ...இ" என்ற மெட்டு விமர்சகர் காதில் விழுந்திருக்கிறது, நடுவிலிருந்த மெய் விழவில்லை, அவர் தமக்குப் பொருத்தமாகத் தோன்றியதை இட்டுக்கொண்டார். உங்கள் ழகரத்தின்மேல் பழி போடாதீர்கள்.

இதற்குக் குரலின் ஃபேடரை, அதாவது மொத்த ஒலியளவை, தூக்கிவிடுவது மருந்தல்ல. தூக்கினால் குரல் பாட்டிலிருந்து கழன்று முன்னால் வந்து நிற்கும், இசை சின்னதாகிவிடும், மறுநாள் நீங்களே இறக்கிவிடுவீர்கள். குரல் பாடும் இடங்களில் மட்டும், அதோடு மோதும் கருவியை அந்தப் பட்டையில் 2 அல்லது 3 டெசிபெல் ஒதுங்கச் செய்யுங்கள். பிறகு குரலின் அளவைச் சொல் சொல்லாக ஆட்டோமேஷனில் (ஏற்ற இறக்கத்தை இடத்துக்கு இடம் குறித்துவைக்கும் வசதியில்) நகர்த்துங்கள்: வரியின் கடைசிச் சொல், மூச்சுக் குறைந்து பாடிய அசை, கீழ்ச் சுருதிக்கு இறங்கும் இடம் ஆகியவற்றில் ஒரு டெசிபெல், ஒன்றரை டெசிபெல் போதும். அலுப்பான வேலைதான், ஒரு பாடலுக்கு ஒரு மாலைப்பொழுது போய்விடும். உரத்ததையும் மெலிந்ததையும் தானாகச் சமன் செய்யும் கம்ப்ரசரை இறுக்கிப் போட்டால் இந்த வேலை மிச்சம் என்று பலரும் நம்புகிறார்கள். ஆனால் கம்ப்ரசருக்கு எந்தச் சொல் முக்கியம் என்று தெரியாது.

குரலுக்கு எதிரொலி சேர்க்கும் ரிவெர்பையும் பாருங்கள். முந்தைய அசையின் வால் அடுத்த மெய்யின்மேல் படர்ந்தால் அதுவும் ஒரு திரை. ரிவெர்ப் தொடங்கும் முன் விடும் இடைவெளியான ப்ரீ-டிலேயை 30 மில்லிநொடி அளவுக்கு வைத்தால் சொல்லின் முகம் முதலில் வந்துவிடும், எதிரொலியின் ஈரம் பின்னால் வரும்.

இரவு 11 மணிக்கு மேல் வேலை செய்ததாக எழுதியிருக்கிறீர்கள். அப்படியானால் ஹெட்ஃபோனில்தான் மிக்ஸ் செய்திருப்பீர்கள். ஹெட்ஃபோனில் நடுவே வைத்த குரல் மண்டைக்குள்ளேயே நிற்கும், இரு பக்கக் கிட்டார்களும் விலகி நிற்கும். அதே மிக்ஸ் ஓர் அறையில் ஒலிக்கும்போது அந்த விலகல் சுருங்கி எல்லாம் ஒன்றன்மேல் ஒன்று விழும். கேட்கும் அளவும் ஏமாற்றும். ஒலி கூடக்கூட நம் காது தாழ்ந்த ஒலிகளையும் மிக உயர்ந்த ஒலிகளையும் தாராளமாகக் கேட்கிறது என்பதை ஃப்ளெட்சரும் மன்சனும் 1933இலேயே அளந்து காட்டிவிட்டார்கள். உரக்க வைத்து மிக்ஸ் செய்தால் எல்லாமே நிறைவாகத் தோன்றும். ஒலியைக் குறைத்துக்கொண்டே போய், ஏறக்குறைய ஒன்றும் கேட்காத நிலையில் கடைசியாக எது மிஞ்சுகிறது என்று பாருங்கள். சொல்லுக்காக எழுதிய பாடல் என்றால் குரல் மிஞ்ச வேண்டும். பலருக்கு மிஞ்சுவது ஸ்னேர் டிரம்.

மாஸ்டரிங்கில் சரிசெய்ய முடியுமா என்றால், மிகச் சிறிதளவே முடியும். கலந்து முடிந்த ஸ்டீரியோ கோப்பில் நடுப்பகுதியை மட்டும் தூக்க வழியுண்டு. ஆனால் குரலோடு ஸ்னேரும் பேஸும் கிக் டிரம்மும் அதே நடுவில்தான் இருக்கின்றன, அவையும் சேர்ந்தே எழும். உங்கள் மாஸ்டரிங் பொறியாளர் அதனால்தான் வேலையைத் தொடங்கும் முன் கேட்டிருக்கிறார். மரியாதையாகக் கேட்கப்பட்ட எச்சரிக்கை அது.


பழையடேப்

மேலே உள்ள பதிலில் தொழில்நுட்பமாகச் சொன்ன எதையும் நான் மறுக்கவில்லை. ஆனால் "சொல் புரியவில்லை, ஆகவே மிக்ஸ் தவறு" என்ற முடிவுக்கு இத்தனை வேகமாகப் போக வேண்டாம் என்பேன்.

ஆர்.இ.எம். என்ற அமெரிக்க ராக் குழுவின் முதல் முழு ஆல்பம் 1983இல் வந்தது. அதன் பாடகர் மைக்கேல் ஸ்டைப் என்ன பாடுகிறார் என்று ஆங்கிலம் தாய்மொழியாக உள்ளவர்களுக்கே பாதி புரியவில்லை. ஆல்பத்தின் பெயரே "மர்மர்", அதாவது முணுமுணுப்பு. தயாரித்த மிட்ச் ஈஸ்டரும் டான் டிக்ஸனும் குரலைத் தூக்கி முன்னால் நிறுத்தவில்லை. அந்த ஆண்டின் சிறந்த ஆல்பமாக "ரோலிங் ஸ்டோன்" இதழின் விமர்சகர்கள் அதைத் தேர்ந்தெடுத்தார்கள். மை பிளடி வாலண்டைன் குழு இரண்டு ஆண்டுகளுக்கு மேல் ஸ்டுடியோ மாற்றி ஸ்டுடியோவாக அலைந்து 1991இல் வெளியிட்ட "லவ்லெஸ்" ஆல்பத்தில் குரல், கிட்டார்களுக்கு நடுவே இன்னொரு கருவி போலத்தான் மிதக்கிறது. அங்கே சொல்லைத் தேடுபவர் ஏமாறுவார், ஆனால் யாரும் அதைக் குறையென்று திருப்பித் தரவில்லை.

ஆக, அமிழ்ந்த குரல் குற்றமல்ல. நீங்கள் அமிழ்த்தினீர்களா, அது தானாக அமிழ்ந்ததா என்பதே கேள்வி. உங்கள் பதிவில் என் கண்ணில் பட்டது அந்த ஒற்றைச் சொல் "ஆம்". அதை எழுதிய இரவில் எதை நினைத்து எழுதினீர்கள்? அதற்கு விடை கிடைத்தால் மற்றவற்றுக்கும் கிடைக்கும்.

வெளியான ஆல்பத்தை மறுபடி திறப்பதற்கு இரண்டு விதமான முன்னுதாரணங்கள் உண்டு. ஸ்டூஜஸ் குழுவின் "ரா பவர்" 1973இல் வந்தபோது அதை மிக்ஸ் செய்தவர் பாடகர் டேவிட் போவி. தம்மிடம் வந்த 24 டிராக் (தனித்தனி ஒலித்தடம்) டேப்பில் மூன்று டிராக்குகளில்தான் ஒலி இருந்தது, குழு மொத்தமும் ஒன்றில், முன்னணிக் கிட்டார் ஒன்றில், குரல் ஒன்றில் என்று அவர் பிற்பாடு சொல்லியிருக்கிறார். மெலிந்தும் விசித்திரமாகவும் ஒலித்த அந்த மிக்ஸைப் பல ஆண்டுகளாகப் பலரும் குறை சொன்னார்கள். கடைசியில் 1997இல் குழுவின் பாடகர் இக்கி பாப் தாமே உட்கார்ந்து மறுபடி மிக்ஸ் செய்தார். எல்லா அளவுமானியும் சிவப்பில் நிற்கும் அளவுக்கு உரத்த ஆல்பம் கிடைத்தது. அதுவரை குறை சொன்னவர்களில் பலர் போவியின் மிக்ஸே மேல் என்று திரும்பிப் போனார்கள். எதிர்ப்பக்கம், ரீப்ளேஸ்மெண்ட்ஸ் குழுவின் "டிம்". 1985இல் மங்கலான எதிரொலிக்குள் புதைந்து வந்த அந்த ஆல்பத்தைத் தயாரிப்பாளர் எட் ஸ்டேசியம் மூலப் பதிவுகளிலிருந்து புதிதாக மிக்ஸ் செய்து 2023இல் வெளியிட்டபோது, இதைத்தான் இத்தனை காலம் கேட்க விரும்பினோம் என்று கேட்டவர்கள் கொண்டாடினார்கள்.

என் கணக்கில் வேறுபாடு இதுதான்: ஸ்டேசியம் பதிவில் ஏற்கெனவே இருந்ததை வெளியே கொண்டுவந்தார், இக்கி தம்முடைய பழைய மனக்குறைக்குப் பதில் சொன்னார். ஏழே மாதத்தில், ஒரு விமர்சனத்தின் காயம் ஆறாத நிலையில், நீங்கள் எதைச் செய்யப்போகிறீர்கள் என்று எனக்கு ஐயம் இருக்கிறது.


எண்ணெழுத்து

நான் இசைக்கலைஞன் அல்ல. சுயாதீனக் கலைஞர்களின் பாடல்களைத் தளங்களில் ஏற்றும் பணியில் பல ஆண்டுகள் இருந்தவன் என்ற முறையில் மூன்றாவது ஐயத்தைப் பற்றி மட்டும் எழுதுகிறேன்.

குரல் தெளிவாக இல்லாததால் ஆல்பம் போய்ச் சேரவில்லை என்பதை நான் ஏற்கவில்லை. குரல் தெளிவில்லை என்பதைக் கண்டுபிடிக்கவே ஒருவர் அதுவரை வந்து கேட்டிருக்க வேண்டுமே! உங்கள் கணக்குப் பக்கத்தில் முதல் பாடலின் எண்ணையும் நான்காவது பாடலின் எண்ணையும் ஒப்பிட்டுப் பாருங்கள். முதல் பாடலிலேயே கூட்டம் கலைந்துவிட்டதென்றால் நான்காம் பாடலின் ழகரம் குற்றவாளியல்ல. முதல் பாடலில் குரல் எத்தனையாவது நொடியில் வருகிறது என்றும் பாருங்கள். ஸ்பாட்டிஃபையில் 30 நொடி கேட்டால்தான் அது ஒரு கேட்பாகக் கணக்கில் ஏறும். 2024 முதல், ஒரு பாடல் முந்தைய 12 மாதங்களில் 1,000 கேட்புகளைத் தொடவில்லை என்றால் அதற்குரிய தொகையும் பிரித்துத் தரப்படுவதில்லை. நீண்ட முன்னிசையோடு ஆல்பத்தைத் தொடங்குவது அழகான முடிவுதான், ஆனால் அறிமுகமில்லாதவருக்கு விலை உள்ள முடிவு. இதற்காகக் கலையை வெட்டச் சொல்லவில்லை. பாடல் வரிசையை மாற்றியிருக்கலாம் என்கிறேன்.

மறுபடி மிக்ஸ் செய்தால் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். புதிய மிக்ஸ் புதிய பதிவாகவே கருதப்படும். ஒவ்வொரு பதிவையும் தனியாக அடையாளம் காட்டும், 12 இடங்கள் கொண்ட ஐ.எஸ்.ஆர்.சி. குறியீடு அதற்குப் புதிதாக வேண்டும். பழைய பதிவு சேர்த்த கேட்பு எண்ணிக்கை புதியதற்குக் கைமாறாது. சத்தமில்லாமல் கோப்பை மட்டும் மாற்றிவிடலாம் என்று சிலர் யோசனை சொல்வார்கள். அமெரிக்க ராப் பாடகர் கன்யே வெஸ்ட் 2016இல் ஓர் ஆல்பத்தை வெளியிட்ட பிறகும் பாடல்களைத் திருத்தித் திருத்தி மாற்றிக்கொண்டிருந்தார்; அவருக்கு அது செய்தியாயிற்று, உங்களுக்கும் எனக்கும் அது குழப்பம்தான். பழையதை அப்படியே விட்டுவிட்டு, சரிசெய்ய வேண்டிய பாடல்களை மட்டும் தனி வெளியீடாகத் தாருங்கள். பேண்ட்கேம்ப் தளத்தில் ஆல்பத்தைக் காசு கொடுத்து வாங்கியவர்களுக்குப் பதிவிறக்கக் குறியீட்டை இலவசமாக அனுப்பிவிடுங்கள். அவர்கள் சிலரே என்றாலும், அந்தச் சிலர்தான் உங்கள் வரவேற்பு.

உரத்து ஒலிக்கச் செய்தால் கவனம் கிடைக்கும் என்று மட்டும் கிளம்பிவிடாதீர்கள். ஸ்பாட்டிஃபை தன் இயல்பான அமைப்பில் எல்லாப் பாடல்களையும் −14 எல்.யு.எஃப்.எஸ். (காதுக்குத் தோன்றும் உரப்பின் அலகு) அளவுக்குச் சமன் செய்கிறது. −8இல் இன்னும் உரக்க நசுக்கி அனுப்பினால் 6 டெசிபெல் இறக்கி ஒலிக்கும். நசுங்கியது நசுங்கியதாகவே இருக்கும்.

அதற்கெல்லாம் முன்னால், இன்றே செய்யக்கூடிய ஒன்று: பாடல் வரிகளைத் தளங்களில் ஏற்றுங்கள். நீங்கள் அதைச் செய்யவில்லை என்றே ஊகிக்கிறேன், செய்திருந்தால் விமர்சகர் பார்த்திருப்பார்.

காலம் பதில் சொல்லும் என்று யாராவது இங்கே வந்து ஆங்கிலேயப் பாடகர் நிக் டிரேக்கைக் காட்டுவதற்குள் நானே சொல்லிவிடுகிறேன். 1971 அக்டோபரில் இரண்டு இரவுகளில் பதிவாகி, 1972இல் வெளிவந்து, விற்காமல் கிடந்த அவருடைய மூன்றாவது ஆல்பம், 1999இல் ஒரு கார் விளம்பரத்தில் ஒலித்த பிறகு புதிய கேட்பாளர்களை அடைந்தது என்பது உண்மை. அவர் 1974லேயே இறந்துவிட்டார் என்பதும் உண்மை. அந்தக் கதையை ஆறுதலாக எடுத்துக்கொள்ள என்னால் முடிந்ததில்லை.


ஆறாம்தந்தி

மூவருக்கும் நன்றி. ஒரு வாரம் எடுத்துக்கொண்டு சொன்னதைச் செய்து பார்த்தேன்.

உடன் பணிபுரியும் ஒருவரையும், மாடி வீட்டில் இருக்கும் கல்லூரி மாணவியையும் அமர்த்தி நான்காவது பாடலை ஒருமுறை போட்டேன். பாடலில் 22 வரிகள். நண்பர் ஒன்பது வரிகளும் மாணவி பதினோரு வரிகளும் எழுதினார்கள். நண்பர் எழுதியது "வலி தெரியாமல்". மாணவி எழுதியது "வெளி தெரியாமல்". அவருக்கு அது ஒரு மூடிய அறையைப் பற்றிய பாட்டு. இரண்டு தாள்களையும் வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். பிறகு ஆர்கன் டிராக்கை மட்டும் மௌனமாக்கிவிட்டு அதே வரியைப் போட்டேன். மாணவி தலையை நிமிர்த்தி, "ஓ, வழியா!" என்றார். நான் வாயைத் திறக்கவே இல்லை.

பழையடேப் கேட்ட கேள்விக்கு விடை தேடித்தான் பழைய கோப்புகளைத் திறந்தேன். இந்தப் பாடலின் மிக்ஸை 31 முறை வெவ்வேறு பெயரில் சேமித்திருக்கிறேன். வெளியானது 31ஆவது. அதற்கும் 12ஆவதற்கும் இடையில் குரல் இரண்டரை டெசிபெல் இறங்கியிருக்கிறது. 13ஆவதில்தான் ஆர்கன் முதன்முதலாக வருகிறது. ஏன் சேர்த்தேன் என்று கோப்போடு இருந்த குறிப்பைப் படித்ததும் நினைவுக்கு வந்துவிட்டது: "2ஆம் சரணம், 3ஆம் வரி, சுருதி சறுக்கல், மறைக்க." ஒரே ஒரு வரியில் என் குரல் கால் சுரம் கீழே இறங்கியது எனக்குக் கூச்சமாக இருந்திருக்கிறது. அந்த ஒரு வரியை மூடப் போட்ட ஆர்கன் பாடல் முழுவதும் பரவி, அதன்பின் ஒவ்வொரு சேமிப்பிலும் குரல் கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே போயிருக்கிறது. பொறியாளருக்கு நான் எழுதிய "ஆம்" கலை முடிவு அல்ல என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆறாவது பாடலில் குரல் தாழ்ந்திருப்பதோ நான் விரும்பிச் செய்தது, அதைத் தொடமாட்டேன்.

எண்ணெழுத்து சொன்னதும் சரி. முதல் பாடலில் குரல் 52ஆவது நொடியில்தான் நுழைகிறது. நான்காவது பாடலின் கேட்பு எண்ணிக்கை முதலாவதன் ஐந்தில் ஒரு பங்குக்கும் குறைவு. வரிகளை நேற்றே ஏற்றிவிட்டேன். இரண்டு, நான்கு, ஏழு ஆகிய மூன்று பாடல்களை மறுபடி மிக்ஸ் செய்து தனியாக வெளியிடலாம் என்றிருக்கிறேன். விமர்சகருக்கு எழுதவில்லை. "வலி" என்று வைத்து அவர் எழுதிய பத்தி நன்றாகவே இருக்கிறது, அதை ஏன் கெடுப்பானேன்?

ஒரே ஒரு தயக்கம் மீதமிருக்கிறது. அந்தச் சறுக்கிய வரியைத் திரும்பப் பாடிப் பொருத்திவிடலாமா?


கலவைமேசை

வேண்டாம். ஓராண்டுக்கு மேல் ஆகிவிட்டது; அதே மைக், அதே தூரம், அதே அறை என்றாலும் அதே தொண்டை கிடைக்காது, ஒட்டுப்போட்டது தெரியும். சுருதி திருத்தும் பிளக்கினில் அந்த ஒரு சுரத்தை மட்டும் பாதித் தூரம் தூக்கிவிடுங்கள், முழுவதும் நேராக்காதீர்கள்.

இன்னொன்று. 31ஆவது மிக்ஸைத் திறந்து ஒவ்வொன்றாக நீக்கிக்கொண்டு பின்னோக்கி வராதீர்கள், அந்தப் 19 சேமிப்புகளின் பழக்கம் உங்கள் காதில் இன்னும் இருக்கிறது. 12ஐத் திறந்து அங்கிருந்து தொடங்குங்கள். முடித்ததும் மாடி வீட்டு மாணவியை அழைக்காதீர்கள். அவருக்கு இப்போது வரி தெரிந்துவிட்டது.